ஹெய்க்கி சாரின் போட்டோவுக்கு வாங்கிய மாலை

போன மாதம் ஒரு சனிக்கிழமை காலை, பிரிக்பீல்ட்ஸில் வழக்கமாகப் போகும் கடையில் தோசைக்குச் சொல்லிவிட்டு உட்கார்ந்திருந்தேன். கைப்பேசியில் ஒரு செய்தி வந்து விழுந்தது. "டேனி அங்கிள், உங்க பின்லாந்து டைரக்டர் இறந்துட்டாராம். அங்க உள்ள சினிமாக்காரங்க நெட்ல போட்டிருக்காங்க. சாரி அங்கிள்." அனுப்பியது தீபா. என்னைப் போலவே படங்களுக்கு ஒலிப்பதிவு செய்கிறவள். தொழிலில் ஏதாவது சந்தேகம் வந்தால் என்னைத்தான் கூப்பிடுவாள்.

தோசை வந்தது. தொடவில்லை. சாப்பாட்டை வீணாக்குகிறவர்களைக் கண்டாலே எனக்கு ஆகாது. அன்றைக்கு நானே அதைச் செய்தேன். "என்ன அண்ணே, தோசை சரியில்லையா?" என்று கடைக்காரர் வந்து நின்றார். "தோசை நல்லாத்தான் இருக்கு லா. எனக்குத்தான் மனசு சரியில்ல" என்றேன்.

வெளியே வந்ததும், அந்த டைரக்டரின் படத்தில் நடித்த, கிள்ளானில் இருக்கும் சரோஜாவுக்குப் போன் போட்டேன். டைரக்டர் ஹெய்க்கி சாரின் போட்டோ ஒன்று சரோஜா வீட்டுச் சுவரில் இத்தனை வருடங்களாகத் தொங்குகிறது. அந்தச் செய்தியை அவரிடம் சொல்லாமல் வேறு யாரிடம் சொல்வது? சொன்னேன். "நீங்க வாங்க அண்ணே. நான் மாலை வாங்கி வெக்கிறேன்" என்றார்.

கேஎல் சென்ட்ரலில் ரயில் ஏறி ஜன்னலோரம் உட்கார்ந்தேன். கிள்ளான் போய்ச் சேரும்வரை மனத்தில் ஓடியதைத்தான் இங்கே எழுதுகிறேன். "அந்த ஆளோட எப்படி அங்கிள் வேலை செஞ்சீங்க?" என்று தீபாவும் அவள் கூட்டாளிகளும் என்னைத் துளைத்துக்கொண்டே இருக்கிறார்கள். அவர்களுக்கும் பதில் சொன்னதாக இருக்கட்டும்.

என் கதையைச் சீக்கிரம் முடித்துவிடுகிறேன். அப்பாவுக்கு ரயில்வேயில் வேலை. நாங்கள் மெதடிஸ்ட் குடும்பம். தேவாலயத்தில் பாட்டுக் குழுவில் சேர்த்தார்கள். குரல் தேறாது என்று தெரிந்ததும் மைக் பக்கம் தள்ளிவிட்டார்கள். ஆயுசு முழுக்க அந்தப் பக்கமே நின்றுவிட்டேன். வானொலியில் கொஞ்ச காலம், விளம்பரப் படங்களில் கொஞ்ச காலம். பிஸ்கட்டைக் கடிக்கும் சத்தம் வேண்டும் என்பார்கள். பிஸ்கட் சரியாகச் சத்தம் போடாது. அப்பளத்தை உடைத்துப் பதிவு செய்வோம். இந்தப் பிழைப்பே வெறுத்துப்போயிருந்த சமயத்தில்தான் ஹெய்க்கி வந்தார்.

பின்லாந்தில் ஒரு காகித ஆலை ஊரில் பிறந்தவர். அப்பா ஆலைத் தொழிலாளி. அம்மா ஆஸ்பத்திரித் துணிகளைத் துவைத்தவர். அந்த ஆலையை மூடியபோது ஊர் என்ன ஆனது என்பதுதான் அவருடைய முதல் படம். நடித்தவர்கள் எல்லாருமே வேலை போனவர்கள். அதற்குப் பிறகு துறைமுகக் கூலிகள், பேருந்து ஓட்டுநர்கள், மீன் வெட்டும் பெண்கள் என்று வரிசையாக எடுத்தார். கதாநாயகன் கிடையாது, பாட்டுக் கிடையாது. ஒருவர் வேலைக்குப் போவார், வேலை செய்வார், வீட்டுக்கு வந்து குழம்பைச் சூடு பண்ணுவார். அவ்வளவுதான். "இதை யார் சார் பார்ப்பார்கள்?" என்று முதல் நாளே கேட்டுவிட்டேன். எனக்கு வாய் சும்மா இருக்காது. அவர் யோசித்துவிட்டு, "வேலைக்குப் போகிறவர்கள்" என்றார்.

அவர் இங்கே வந்ததற்குக் காரணம் ஒரு ரப்பர் கையுறை. மீன் வெட்டும் பெண்களைப் படம் பிடித்தபோது அவர்கள் போட்டிருந்த கையுறையின் பெட்டியில் மலேசியாவில் செய்தது என்று எழுதியிருந்ததாம். இதைச் செய்த கை யாருடையது என்று பார்க்க விமானம் ஏறிவிட்டார். தெலுக் பங்லிமா காராங்கில் ஒரு தொழிற்சாலையில் அனுமதி கிடைத்தது. கேமராவை வெளியே எடுப்பார் என்று பார்த்தால், வாரக்கணக்கில் தொழிலாளர்களின் கேன்டீனில் போய் உட்கார்ந்தார். அவர்களோடு நாசி லெமாக் சாப்பிட்டார். பேச மாட்டார், சிரிக்க மாட்டார். "இந்த வெள்ளக்காரரு வேவு பாக்க வந்திருக்காரா, இல்ல இவருக்கு வீட்ல ஏதும் பிரச்சினையா?" என்று தொழிலாளர்களே என்னிடம் வந்து கேட்டார்கள். எனக்கும் பொறுமை போய்விட்டது. எத்தனை நாளைக்கு லா கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பது? கடைசியில் ஒரு நாள் கேமராவை எடுத்து வைத்தார். யாருமே அதைத் திரும்பிப் பார்க்கவில்லை. அவர் எதற்குக் காத்திருந்தார் என்று அப்போதுதான் விளங்கியது.

படப்பிடிப்பில் அவர் 'ஆக்‌ஷன்' என்று சொல்ல மாட்டார். கேமராமேனைப் பார்த்துத் தலையை ஆட்டுவார். நடிப்பவர் எப்போது தோன்றுகிறதோ அப்போது உள்ளே வரலாம். 'கட்' என்ற சொல்லும் அவர் வாயில் வராது. ஒருவர் வேலை செய்துகொண்டிருக்கும்போது பாதியில் நிறுத்தச் சொல்வது மரியாதை இல்லை என்பார். அவராக எழுந்து போகும்வரை கேமரா ஓடும், என் கருவியும் ஓடும்.

காட்சி முடிந்த பிறகு அந்த அறை சும்மா இருக்கும்போது கேட்கும் சத்தத்தைத் தனியாகப் பதிவு செய்ய வேண்டும். மின்விசிறி, பக்கத்து வீட்டு டிவி, தூரத்தில் கியர் மாற்றும் லோரி எல்லாம் சேர்ந்துதான் ஒரு வீட்டின் அமைதி. அதற்கு எல்லாரும் ஆடாமல் அசையாமல் நிற்க வேண்டும். மற்ற டைரக்டர்கள் கைக்கடிகாரத்தைப் பார்ப்பார்கள், இருமுவார்கள், எனக்கு மூக்கு நுனிவரை கோபம் வரும். ஹெய்க்கி மட்டும் கண்ணை மூடிக்கொண்டு, கோயிலில் நிற்கிற மாதிரி நிற்பார். இப்போது அந்த அமைதியைக் கம்ப்யூட்டரே தயாரித்துக் கொடுத்துவிடுகிறதாம். தீபா போட்டுக் காட்டினாள். நன்றாகத்தான் இருந்தது, எந்த வீடு என்றுதான் தெரியவில்லை.

இன்னொரு பழக்கமும் அவருக்கு உண்டு. படத்தை வெட்டி ஒட்டியதும் முதலில் பார்ப்பவர்கள் அதில் இருப்பவர்கள்தான். அவர்கள் ஏதாவது ஒன்றை வேண்டாம் என்றால் எடுத்துவிடுவார். ஏன், எதற்கு என்று கேட்க மாட்டார். நானும் சரோஜாவிடம் படித்துக் காட்டிவிட்டுத்தான் இதை அச்சுக்குக் கொடுக்கிறேன்.

இங்கே அவர் எடுத்த கடைசிப் படத்தில் கதை இதுதான்: லோரி ஓட்டும் கணவன் விபத்தில் செத்துப்போகிறான், மனைவி கையுறைத் தொழிற்சாலைக்கு வேலைக்குப் போகிறாள். அந்த மனைவியாக நடித்தவர்தான் சரோஜா. நிஜத்திலும் அதே தொழிற்சாலையில் வேலை பார்த்தவர். படம் பிடித்ததும் அவருடைய சொந்த வீட்டில்தான். அவர் கணவர் மணியம் போர்ட் கிள்ளானுக்குக் கன்டெய்னர் லோரி ஓட்டினார். "என்னைய படத்துல சாகடிச்சிட்டீங்க, இன்சூரன்ஸ் காசாவது வருமா பாஸ்?" என்று ஹெய்க்கியைக் கிண்டல் செய்துகொண்டே இருப்பார். நான் மொழிபெயர்ப்பேன். ஹெய்க்கி தலையை மட்டும் ஆட்டுவார்.

அந்த நாளுக்கு வருகிறேன். கதையில் கணவன் போன பிறகு சரோஜா முதல் தடவையாக வேலை முடிந்து வீட்டுக்குள் வரும் காட்சி. நான் வீட்டுக்கு வெளியே, கார் நிறுத்தும் இடத்தில், காதில் ஹெட்போனை மாட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். சரோஜாவின் யூனிஃபார்ம் காலருக்குள் ஒரு சின்ன மைக் இருந்தது. உள்ளே சுவரை எப்படி வைத்திருக்கிறார்கள் என்று நான் பார்க்கவில்லை. சரோஜாவும் பார்க்கவில்லை. ஹெய்க்கிக்கு அதுதான் பிடிக்கும். நடிப்பவர் முதல் தடவை பார்ப்பதைக் கேமராவும் முதல் தடவை பார்க்க வேண்டும்.

கதவு திறந்தது. செருப்பைக் கழற்றும் சத்தம். பிறகு என் காதுக்குள் ஒரு மூச்சு, சுருக்கென்று உள்ளே இழுத்த மூச்சு. அடடா, என்ன நடிப்பு என்று எனக்குப் புல்லரித்தது. தீப்பெட்டி உரசியது. பாயில் உட்காரும் சத்தம். சாப்பிடும் சத்தம். பிறகு அவர் எழுந்து விறுவிறுவென்று வெளியே வந்தார். முகத்தில் ரத்தமே இல்லை.

"அண்ணே, உள்ள போய்ப் பாருங்க."

கருவியைத் தோளில் மாட்டியபடியே போய்ப் பார்த்தேன். சுவரில் மணியத்தின் போட்டோ. நிஜ மணியம், மீசையும் சிரிப்புமாக. அதற்கு மல்லிகை மாலை. பக்கத்தில் சின்னச் சிவப்பு விளக்கு.

ஹெய்க்கி எத்தனையோ தமிழர் வீடுகளில் இப்படி மாலை போட்ட போட்டோக்களைப் பார்த்திருக்கிறார். இறந்தவருக்குச் செய்யும் மரியாதை என்று தெரிந்துகொண்டார். எல்லாமே நிஜமாக இருக்க வேண்டும் என்பது அவர் கொள்கை. அதனால் நிஜக் கணவனின் நிஜப் போட்டோவுக்கே காலையில் மாலையை வாங்கி வந்து அவர் கையாலேயே போட்டுவிட்டார். உயிரோடு இருப்பவன் போட்டோவில் மாலை ஏறினால் எங்கள் ஆட்களுக்கு ஈரக்குலை நடுங்கும் என்பதை அவருக்கு யாரும் சொல்லவில்லை. படக்குழுவில் தமிழ் தெரிந்த ஒரே ஆள் நான். நான் வெளியே உட்கார்ந்திருந்தேன்.

"பாத்ததும் வெளிய ஓடிரலாம்னு பாத்தேண்ணே. ஆனா கேமரா ஓடுதே, நடுவுல எப்படி நிறுத்துறது?" என்றார் சரோஜா. மாலையைக் கழற்றி ஒரு தட்டில் வைத்துவிட்டு மணியத்துக்குப் போன் போட்டார். மணி அடித்தது, எடுக்கவில்லை. மறுபடி போட்டார். எடுக்கவில்லை. மணியத்தின் கூட ஓட்டும் டிரைவர் ஒருவரைக் கூப்பிட்டார். அவர் சொன்னது பக்கத்தில் நின்ற எனக்கே கேட்டது. "போர்ட் ரோட்ல ஒரு கன்டெய்னர் கவுந்து கெடக்கு தங்கச்சி. ஜாம் பயங்கரம். யாரோடதுன்னு தெரியல."

சரோஜா அழவில்லை. நேராகச் சமையலறைக்குள் போனார். மைக் அவர் காலரிலேயே இருந்தது. கழுத்தில் கிடந்த ஹெட்போனைப் பழக்கத்தில் காதுக்கு ஏற்றினேன். முதலில் சில்வர் தட்டுகள் கேட்டன. மணியம் மத்தியானம் சாப்பிட வருகிற நேரம் அது. கை பழக்கத்தில் இரண்டு தட்டுகளை எடுத்தார். ஒரு தட்டு அலமாரிக்குத் திரும்பிப் போனது. உடனே படாரென்று மறுபடி வெளியே வந்தது. அப்புறம் மெல்லிய குரல்.

"முருகா, பத்துமலையானே, நான் நடிச்சேன், அவ்வளவுதான். அத நெசம்னு எடுத்துக்காத. அந்த வெள்ளக்காரரும் ஒன்னும் தெரியாமத்தான் செஞ்சிட்டாரு. அவரு மேலயும் கோவிச்சுக்காத."

ஹெட்போனைக் கழற்றினேன். சமையலறைக் கதவு திறந்திருந்தது. கேமரா இன்னும் ஓடிக்கொண்டிருந்தது, யாருக்கும் அதை நிறுத்தத் தோன்றவில்லை. கேமராவின் கண்ணாடிக்குள் சரோஜாவின் முதுகும் அந்த இரண்டு தட்டுகளும் தெரிந்திருக்கும். ஆயுசு முழுக்க ஹெய்க்கி தேடிக்கொண்டிருந்த நிஜம், எதிரே நின்றது. அவர் என்னைப் பார்த்தார். அவள் என்ன சொல்கிறாள் என்று கண்ணாலேயே கேட்டார். நான் தலையை ஆட்டினேன். சொல்ல மாட்டேன் என்றேன்.

ஹெய்க்கி நடந்து போய் உள்ளங்கையால் கேமராவின் கண்ணை மூடினார். "நிறுத்து" என்றார். அந்தச் சொல்லை அவர் சொல்லி நான் கேட்டது அன்றைக்குத்தான். நானும் கருவியை நிறுத்தினேன். மூன்று படங்களில் அவரோடு வேலை செய்தேன், அந்த ஒரு சொல்லுக்காகவே அவரைக் கும்பிடலாம்.

பிறகு அவர் வாசலில் போய் உட்கார்ந்தார். ஒவ்வொரு லோரி சத்தத்துக்கும் தலையைத் தூக்கினார். லோரிகள் தெருமுனையில் திரும்பித் திரும்பிப் போய்க்கொண்டே இருந்தன. நேரம் நகரவே மாட்டேன் என்றது. எனக்குத் தெரிந்த ஜெபம் எல்லாம் சொல்லிப் பார்த்தேன்.

ஒரு மோட்டார் சைக்கிள் வந்து நின்றது. அதன் பின்சீட்டிலிருந்து மணியம் இறங்கினார். உடம்பெல்லாம் எண்ணெய்க் கறை, கையில் தாப்பாவ், கடையில் கட்டி வாங்கிய சோற்றுப் பொட்டலம். கவிழ்ந்தது வேறு ஒருவருடைய லோரி. அந்த டிரைவரை வெளியே இழுத்துவிட ஓடியவர், தன் போனை லோரியிலேயே வைத்துவிட்டாராம். அந்த டிரைவருக்கும் கையில் சிராய்ப்புத்தான். லோரியை அங்கேயே ஓரம்கட்டிவிட்டு வந்திருக்கிறார்.

நாங்கள் எல்லாரும் பேயைப் பார்த்த மாதிரி நின்றோம். மணியம் உள்ளே எட்டிப் பார்த்தார். தட்டில் மாலை, சுவரில் சிவப்பு விளக்கு.

"யாரு லா செத்தா?"

"நீங்கதான்!" என்று கத்திக்கொண்டு சரோஜா சமையலறையிலிருந்து ஓடி வந்தார். தொழிற்சாலைத் தொப்பியைக் கழற்றி அதனாலேயே அவரைச் சாத்து சாத்து என்று சாத்தினார். அழுகையும் சிரிப்பும் ஒன்றாக வந்தன. "போன எடுத்தா என்ன? போன எடுத்தா என்ன?"

மணியம் அடியை வாங்கிக்கொண்டே தன் போட்டோவைப் பார்த்தார். "நானா? அப்ப நாளைக்கு லீவுதானே?"

எங்களுக்கெல்லாம் போன உயிர் திரும்பி வந்தது. சிரித்துச் சிரித்து எனக்கு வயிறு வலித்தது. ஹெய்க்கிக்கு மொழிபெயர்த்துச் சொன்னேன். அவர் சிரிக்கவில்லை. எழுந்து மணியத்தின் கையைப் பிடித்தார், பிடித்த கையை விடவே இல்லை. "நான் கேட்டிருக்க வேண்டும். கேட்காமல் செய்துவிட்டேன்" என்றார். அவர்கள் எதிரிலேயே அந்தக் காட்சியை அழித்தார். அந்தப் படத்தின் உயிரே அந்தக் காட்சியில்தான் இருந்தது.

மறுநாள் ஒரு பொட்டலத்தோடு வந்தார். பிரித்தால் அவருடைய போட்டோவே சட்டம் போட்டு இருந்தது. பிரிக்பீல்ட்ஸில் ஒரு ஸ்டூடியோவில் பெரிதாக்கியிருக்கிறார். முகம் தெரியாதபடி படம் பிடித்துக்கொள்ளலாம், மாலையை இதற்குப் போடுங்கள், எனக்குப் பயமில்லை என்றார். நான் சொல்லி முடிப்பதற்குள் சரோஜா பதறிவிட்டார்.

"ஐயையோ, வேணவே வேணாம்! அங்க ஒரு அக்கா இவரு வருவாருன்னு காத்துக்கிட்டு இருப்பாங்க லா. உயிரோட இருக்கறவங்களுக்கு நான் மாலை போட மாட்டேன்." போட்டோவை வாங்கித் துடைத்தார். மாலை இல்லாமல் வெறுமனே சாமிப் படங்களுக்குப் பக்கத்தில் மாட்டினார். பிறகு, "டைரக்டர் சார், போட்டோவே வேணாம். நேத்து நான் ரெண்டு தட்டு எடுத்தேன். அதச் செய்யறேன், பாருங்க" என்றார்.

அன்றைக்கு எடுத்ததுதான் எல்லாரும் பேசும் அந்தக் காட்சி. வேலை முடிந்து வருகிறாள். இரண்டு தட்டுகளை எடுக்கிறாள். ஒன்றைத் திருப்பி வைக்கிறாள். அந்தத் தட்டு அலமாரியில் போய்ச் சேரும் சத்தத்தை நான்தான் பதிவு செய்தேன். தீபா அதை வகுப்பில் கேட்டாளாம், பெருமையாகச் சொன்னாள். எனக்கும் பெருமைதான், ஏன் மறைக்க வேண்டும்?

ரயில் கிள்ளானில் நின்றது. சரோஜா வீட்டில் ஹெய்க்கியின் போட்டோ சுவரிலிருந்து இறங்கி மேசைமேல் இருந்தது. பக்கத்தில் வாழையிலையில் சுற்றிய மாலை. மணியம் இப்போது லோரி ஓட்டுவதில்லை. கண்ணைத் துடைத்துக்கொண்டு நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். நான் மாலையைக் கையில் எடுத்தேன். சரோஜா என் கையைப் பிடித்துத் தடுத்தார்.

"இருங்கண்ணே. மொதல்ல அவர் வீட்டுக்குப் போன் போடுங்க. அவங்க வாயால சொல்லி நான் கேக்கணும். ஒரு தடவ அவசரப்பட்டது போதும்."

"செய்திலயே வந்திருச்சும்மா."

"வரட்டும். நீங்க போடுங்க."

வீடியோ அழைப்பைப் போட்டேன். மணி அடித்தது. அங்கே காலை நேரம்தான், ஆனாலும் யாரும் எடுக்கவில்லை. மறுபடி போட்டேன். அந்த மணிச் சத்தத்தைப் போல ஒரு கொடுமையான சத்தத்தை நான் கேட்டதில்லை. சரோஜா முந்தானையை வாயில் வைத்துக்கொண்டார். அழைப்பை நிறுத்திவிடலாம் என்று விரலைக் கொண்டுபோனேன்.

திரையில் ஒரு சமையலறை தெரிந்தது. கலைந்த வெள்ளை முடி. வாயில் கஞ்சி. ஹெய்க்கி.

"டேனியல்? நீயுமா? எழுந்ததிலிருந்து எல்லாரும் எனக்குத்தான் போன் செய்கிறார்கள். செத்தது வேறு ஒரு ஹெய்க்கி. பாவம், நல்ல கேமராமேன். எங்கள் நாட்டில் கல்லை எறிந்தால் ஒரு ஹெய்க்கிமேல்தான் விழும்."

"ஸ்தோத்திரம், ஸ்தோத்திரம்" என்பதைத் தவிர வாயில் வேறொன்றும் வரவில்லை. சரோஜா போனைப் பிடுங்கிக்கொண்டார். "உங்க ஆயுசு கெட்டி சார்! கெட்டி!" என்று தமிழிலேயே அழுதார். அவர் பின்னால் மேசைமேல் இருந்த போட்டோவும் மாலையும் ஹெய்க்கியின் கண்ணில் பட்டிருக்க வேண்டும். கஞ்சிக் கரண்டியைக் கீழே வைத்தார். பிறகு, சிரிக்கவே தெரியாத அந்த மனுஷர், ஒவ்வொரு சொல்லாகத் தேடிப் பிடித்துத் தமிழில் கேட்டார்.

"அப்ப... நாளைக்கு... லீவு?"

மணியம் நாற்காலியிலிருந்து விழாத குறை. இத்தனை வருடம் அதை ஞாபகம் வைத்திருக்கிறார்!

சரோஜா மாலையைப் பிரித்துப் பூச்செடி அடியில் உதிர்த்துவிட்டு வந்தார். நான் போட்டோவை எடுத்துப் பழைய ஆணியிலேயே மாட்டினேன். "சாப்புடாம போகக் கூடாதுண்ணே" என்று சொல்லிவிட்டு அவர் சமையலறைக்குள் போனார். எனக்கு வயதாகிவிட்டது, காது முன்போல இல்லை. ஆனாலும் கேட்டது. அலமாரி திறந்தது, சில்வர் தட்டுகள் ஒவ்வொன்றாக வெளியே வந்தன. எடுத்த தட்டு எதையும் அவர் திருப்பி வைக்கவில்லை.